பெண்பேச்சும் பெண்ணின் பேச்சும்

அருளிச்செயலில் காணப்படும் நாயிகாபாவத்தைப் பற்றி இக்காலத்தில் இருவகை எழுத்துக்கள் வெளிவருகின்றன. பெண்ணியல், பாலினவியல் என்னும் துறைகளில் பயில்வோர் எழுதுவது ஒன்று. அவர்களுக்கு மறுமொழியாக நம்மவர் எழுதுவது மற்றொன்று. ஆழ்வார்கள் பெண்ணாகப் பேசியது, ஆண் கவிகள் பெண்ணின் குரலைத் தமக்கு எடுத்துக்கொண்டதேயன்றி வேறில்லை என்பர் முன்னவர். ஜீவாத்மாக்கள் அனைவரும் பரமபுருஷனுக்குப் பெண்தன்மையரே. ஆகையால் இங்கே ஆண், பெண் என்ற கேள்விக்கே இடமில்லை என்பர் பின்னவர். இவ்விரண்டையும் பூர்வாசார்யர்களின் வ்யாக்யானங்களைக் கொண்டு சோதித்துப் பார்ப்பது இக்கட்டுரையின் நோக்கம். அப்படிச் சோதித்தால், முதற்கூற்று பாதி உண்மை என்றும், நம்முடைய மறுமொழி அதனினும் குறைவுடையது என்றும் தோன்றுகிறது.

திருவாய்மொழியின் 100 பதிகங்களில் 27 பெண்பேச்சாக அமைந்தவை. அவற்றுள் மகள் பேச்சு 17, தாய் பேச்சு 7, தோழி பேச்சு 3. அழகியமணவாளப்பெருமாள் நாயனார் ஆசார்யஹ்ருதயத்தில் இதற்குக் காரணம் காட்டுகிறார். ஞானம் மேலிட்ட நிலையில் ஆழ்வார் தாமாகவே பேசுகிறார்; ப்ரேமம் மேலிட்டபோது பெண்ணாகப் பேசுகிறார். அந்தப் பெண்பேச்சும் ஒருபடிப்பட்டதன்று. எம்பெருமானோடு தமக்குள்ள ஸம்பந்தத்தை உணர்ந்த நிலை தோழி. அவனே உபாயம் என்று துணிந்த நிலை தாய். பலத்தைப் பெறப் பதறுகிற நிலை மகள். அகப்பொருள் மரபில் வந்த மூன்று பாத்திரங்களும் இவ்வாறு ஒரே ஆத்மாவின் மூன்று நிலைகளாகி, திருமந்த்ரத்தின் பொருளோடு பொருந்துகின்றன. ஆகவே பேசும் வாய் ஆணுடையது என்று பெண்ணியலார் சொல்வது மறுக்கமுடியாத உண்மை. ஆனால் அது வேஷம் மட்டுமே என்று முடிப்பது இந்த அடுக்கைக் காணாமல் சொன்னதாகும்.

இனி நம்முடைய மறுமொழியைப் பார்ப்போம். ஆத்மாவுக்கு ஆண், பெண் என்ற பேதம் இல்லை. எனவே பேச்சிலும் பேதமில்லை என்று சொல்லிவிட்டால் வாதம் எளிதில் முடிந்துவிடும். ஆனால் வ்யாக்யானசக்ரவர்த்தி பெரியவாச்சான்பிள்ளை அப்படி முடிக்கவில்லை. திருப்பாவையின் அவதாரிகையில் மற்ற ஆழ்வார்களுக்கும் ஆண்டாளுக்கும் வாசி சொல்லப் புகுந்து, ஆண்டாளுடைய ப்ரேமம் நீர் பள்ளத்தை நோக்கித் தானே பாய்வதைப் போன்றது என்ற கருத்தை அவர் வெளியிடுகிறார். ஆணாய்ப் பிறந்து பெண்ணிலையை ஏறிட்டுக்கொள்ளவேண்டிய அருமை அவளுக்கு இல்லை என்பது அவருடைய திருவுள்ளம். இதனால் தேறுவது யாது? பெண்பேச்சு வேறு, பெண்ணின் பேச்சு வேறு என்பதை நம் உரையாசிரியரே வகுத்துவிட்டார். வகுத்ததோடன்றி, பின்னதற்கு ஏற்றமும் சொன்னார். பேதமே இல்லை என்று இன்று எழுதுகிறவர்கள், பெண்ணியலாரை மறுப்பதாக எண்ணிக்கொண்டு பெரியவாச்சான்பிள்ளையை மறுக்கிறார்கள்.

இந்த ஏற்றம் கவிதை அளவில் நின்றுவிட்டதா, ஸித்தாந்தத்திலும் இடம்பெற்றதா என்பது அடுத்த கேள்வி. பிள்ளைலோகாசார்யர் ஸ்ரீவசநபூஷணத்தில், ப்ரபத்திக்குத் தேசம், காலம், ப்ரகாரம், அதிகாரி, பலம் என்னும் இவற்றில் நியமம் இல்லை, விஷயநியமம் ஒன்றே உண்டு என்று அறுதியிடுகிறார். சுத்தி அசுத்திகளைத் தேடவேண்டா என்பதற்கு அவர் முதலில் காட்டும் உதாரணம் த்ரௌபதி. அவள் நீராடித் தூயளாய் இருந்து சரணம் புகவில்லை. ஒற்றையாடையோடு, தீட்டுக்காலத்தில், ராஜஸபையில் இழுத்துவரப்பட்டவள் சரணம் புகுந்தாள், அது பலித்தது. எந்த உடல்நிலையைக் காரணமாகக் காட்டிப் பெண்களை விலக்குவது உலக வழக்கோ, அந்த நிலையையே ஆசார்யர் ப்ரமாணமாக எடுத்தார். மணவாளமாமுனிகளின் வ்யாக்யானத்தோடு இந்தப் பகுதியைக் காலக்ஷேபம் கேட்டவர்கள் நம்மில் பலர். கேட்ட பின்பும், அசுத்தியைச் சொல்லிப் பெண்கள் ரஹஸ்யக்ரந்தங்களைக் கேட்கலாகாது என்று பேசுகிறவர்களும் நம்மிடையே இருக்கிறார்கள்.

குருபரம்பரை வரலாறுகளிலும் இதே நிலை. கொங்குப்பிராட்டி எம்பெருமானாரிடம் த்வயத்தைக் கேட்டாள். அது மறந்துபோகவே, மீண்டும் ப்ரார்த்தித்துப் பெற்றாள். பின்னர் அவர் மேல்நாட்டுக்கு எழுந்தருளும் வழியில், வேஷம் மாறியிருந்தும் திருவடிகளைக் கொண்டே அவரை அடையாளம் கண்டாள். திருக்கோளூர்ப் பெண்பிள்ளையின் 81 வார்த்தைகளைக் கேட்டு எம்பெருமானார் அவள் இல்லத்தில் அமுதுசெய்தருளினார். அந்த வார்த்தைகளில் தேவகி, யசோதை, த்ரௌபதி, கூனி, ஆண்டாள், கொங்குப்பிராட்டி ஆகியோர் ஆண் அடியார்களோடு ஒரே வரிசையில் நிற்கிறார்கள். நம்பிள்ளையின் காலக்ஷேபகூடம் இடம் போதாமல் நெருக்கமானபோது, அடுத்த வீட்டு அம்மையார் பரமபதத்தில் ஓர் இடம் கேட்டுப் பெற்றுக்கொண்டு தம் வீட்டைக் கொடுத்தார். ஈடு பிறந்த கோஷ்டிக்கு இடம் தந்தவள் ஒரு பெண் என்பதை நாம் பெருமையோடு சொல்லிக்கொள்கிறோம். ஆனால் அந்த வீட்டில் நடந்த காலக்ஷேபத்தில் அவளைப் போன்றவர்களுக்கு எங்கே இடம் என்று கேட்டதில்லை.

வரலாறுகளில் பெண்கள் உதாரணமாக வருகிறார்கள். உரைகாரர்களாக வருவது மிக அரிது. திருவாய்மொழிக்கு வாசகமாலை என்னும் உரைநூல் இயற்றிய திருக்கோனேரி தாஸ்யை அந்த அரியவர்களுள் ஒருவர். அந்நூல் தஞ்சை சரஸ்வதி மஹால் வாயிலாக அச்சேறியது. ஆறாயிரப்படி முதல் ஈடு வரை ஒப்புநோக்கிப் பாடம் சொல்லும் நாம், வாசகமாலையை அந்த ஒப்புநோக்கில் சேர்ப்பதில்லை. ஏற்கத்தக்கதன்று என்று ஆராய்ந்து விலக்கியிருந்தால் அது விமர்சனமாகும். நாம் விலக்கவில்லை, திறந்து பார்க்கவில்லை.

இந்த மறதியின் விளைவை அண்மைக்காலத்திலும் காணலாம். வை.மு.கோ. என்ற எழுத்துக்களைச் சொன்னால் நம் வாசகர்களுக்குக் கம்பராமாயணத்துக்கும் பாரதத்துக்கும் உரை கண்ட வை.மு. கோபாலக்ருஷ்ணமாசார்யர் நினைவுக்கு வருவார். நாவல் படிப்பவர்களுக்கு வை.மு. கோதைநாயகி அம்மாள் நினைவுக்கு வருவார். இருவரும் வைத்தமாநிதி முடும்பை என்னும் குடிப்பெயரையே தாங்கியவர்கள். 1901இல் பிறந்து, ஐந்தாறு வயதிலேயே மணமாகி அக்குடிக்கு மருமகளாக வந்த கோதைநாயகி, முதல் நாடகத்தைத் தாம் சொல்லத் தோழி எழுத வெளியிட்டவர். 1925 முதல் ஜகன்மோகினியை நடத்தி, நூற்றுக்கு மேற்பட்ட நாவல்களை எழுதினார். மாறிவந்த சமுதாயம் அவருக்குப் பத்திரிகையையும் மேடையையும் திறந்துவிட்டது. உரைமரபில் வந்த ஒரு குடியிலிருந்து எழுந்த அந்தச் சொல்வன்மை உரைத்துறைக்குள் வரவில்லை. வர வழி இருந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பது ஊகம்; வழி இல்லாதிருந்தது உண்மை.

அடியேன் சிறுவயதில் திருத்தகப்பனாரிடம் ஈடு கேட்டபோது, அத்தை ஒருவர் தளிகையறை நிலைப்படியில் அமர்ந்து கேட்பார். ஒரு பாசுரத்துக்குப் பட்டர் நிர்வாஹம் எது, நஞ்சீயர் நிர்வாஹம் எது என்று தடுமாறினால் தகப்பனாரே அவர் பக்கம் திரும்பிக் கேட்பதுண்டு. ஆனால் அவர் ஒருநாளும் ஒருவருக்கும் ஸாதித்ததில்லை. அவர் திருநாடு அலங்கரித்தபோது, கேட்டு வைத்திருந்த அத்தனையும் அவரோடு போயிற்று. இத்தகைய அத்தைமார் எத்தனை திருமாளிகைகளில் இருந்தார்களோ, அத்தனை ஏடுகள் நமக்கு இல்லையாயின.

இன்றைய நிலை வேறு. அடியேன் வசிக்கும் யானைக்கவுனிப் பகுதியில், புரட்டாசியில் பூக்கடைச் சென்னகேசவப்பெருமாள் ஸந்நிதியிலிருந்து புறப்படும் திருக்குடைகள் கடந்து செல்லும் நாளில், தெருவோரம் நிற்பவர்களில் பெண்களே மிகுதி. பேசின் பிரிட்ஜ், புளியந்தோப்பு, வால்டாக்ஸ் சாலைப் பக்கத்துக் குடும்பங்களிலிருந்து தேங்காயும் கற்பூரமுமாக வருகிறார்கள். கடைகளிலும் அலுவலகங்களிலும் வேலை செய்து ஜீவிப்பவர்கள் இவர்களில் பலர். அவர்களுள் சிலர் மாலையில் வீடு திரும்பியபின் கைப்பேசி வழியாகத் திருவாய்மொழி ஸந்தை சொல்லிக்கொள்வதை அடியேன் அறிவேன். நாலாயிரமும் முடித்த ஒரு பெண்மணி, ஓரிடத்தில் ஸ்ரீவசநபூஷண காலக்ஷேபம் கேட்க விரும்பியபோது, பாராயணமே போதும் என்ற விடை கிடைத்தது. அவர் வருந்தினாரேயன்றி வாதாடவில்லை. இதே வ்யாக்யானங்களை ஃப்ளோரிடாவில் வசுதா நாராயணனும், கலிஃபோர்னியாவில் அர்ச்சனா வெங்கடேசனும் பல்கலைக்கழக மாணவர்களுக்கு விளக்கி வருகிறார்கள். கடல் கடந்து கிடைப்பது யானைக்கவுனியில் கிடைக்கவில்லை.

இங்கே ஓர் ஆக்ஷேபம் எழலாம். 2023இல் ஸ்ரீரங்கம் அர்ச்சகர் பயிற்சிப் பள்ளியில் மூன்று பெண்கள் பயிற்சி முடித்ததை நினைவூட்டி, காலக்ஷேபத்தில் தொடங்குவது கர்ப்பக்ருஹத்தில்தானே முடியும் என்று சிலர் அஞ்சுகிறார்கள். அர்ச்சனை பாஞ்சராத்ரம், வைகானஸம் என்னும் ஆகமங்களைப் பற்றிய விஷயம். அதை அந்த சாஸ்த்ரங்களைக் கொண்டு வல்லார் தனியே ஆராயட்டும். உரை கேட்பதற்கும் சொல்வதற்கும் ஆகமத்தில் தடை தேடவேண்டிய அவசியமில்லை. பிள்ளைலோகாசார்யர் ரஹஸ்யங்களை மணிப்ரவாளத்தில் அருளியதே, வடமொழிப் பயிற்சி இல்லாத பெண்களும் மற்றவர்களும் அர்த்தத்தை இழவாமைக்காக என்று நாமே சொல்லி வருகிறோம். இரண்டு விஷயங்களையும் கலந்து பேசுவது, ஒன்றைக் காட்டி மற்றொன்றை மறுப்பதற்கே உதவும்.

ஆகவே பெண்ணியலாருக்கு நாம் தரவேண்டிய விடை கட்டுரையால் அமையாது. நாயிகாபாவம் வேஷமன்று என்பதை நாயனாரைக் கொண்டு நிறுவிவிடலாம். பெண்ணின் பேச்சுக்குப் பெரியவாச்சான்பிள்ளை சொன்ன ஏற்றத்தை இக்காலத்தில் எங்கே காட்டுகிறீர்கள் என்று அவர்கள் கேட்டால், நம்மிடம் விடை இல்லை. அந்த விடை உண்டாகச் செய்யவேண்டியவை இரண்டு. நாலாயிரம் முடித்த பெண்களுக்கு முமுக்ஷுப்படி தொடங்கி ரஹஸ்யக்ரந்தங்களை முறையாக ஸாதிக்கவேண்டும். அவர்களில் தேறியவர்கள் மேலே பிறருக்கு ஸாதிக்கவும் இசையவேண்டும். திருக்கோனேரி தாஸ்யையின் வாசகமாலையை மற்ற வ்யாக்யானங்களோடு வைத்து ஒப்புநோக்கவேண்டும். குறை இருந்தால் குறை என்றே எழுதலாம். இவற்றுக்குப் புதிய ஸித்தாந்தம் எதுவும் தேவையில்லை. த்ரௌபதியை ப்ரமாணமாகக் காட்டிய ஸூத்ரத்தை, அதைக் கேட்கும் தகுதி பெண்ணுக்கு உண்டு என்ற துணிவோடு ஸாதித்தால் போதும் என்று பெரியோர்கள் திருமுன்பே விண்ணப்பம் செய்கிறேன்.