கிழமை இல்லாத ஒரு நாள்

புதிதாக ஓர் உலகத்தை உண்டாக்கக் கிளம்பும் எழுத்தாளர்கள் முதலில் வரைபடம் போடுவார்கள். மலை, நதி, வாயில் நுழையாத பெயருடன் நாலு ராஜ்யம். அப்புறம் ஒரு பாஷை. அதற்கும் மேல் உற்சாகம் மிஞ்சினால் காலண்டர். பெரும்பாலான கதைகளில் இந்தக் காலண்டர் வெறும் பெயர் மாற்றம்தான். ஜனவரிக்குப் பதில் 'பனிநிலா' என்று போட்டுவிட்டு, கதாநாயகன் வாளை உருவப் போய்விடுவான். அது என்ன மாதம் என்று அவனுக்கும் கவலையில்லை, நமக்கும் இல்லை.

ஜே.ஆர்.ஆர். டோல்கியன் விஷயம் வேறு. 'லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' சினிமாவாகப் பார்த்தவர்களுக்கு மோதிரமும் எரிமலையும் தெரியும். 1955-ல் வெளிவந்த அதன் மூன்றாம் பாகத்தின் கடைசியில், கதையெல்லாம் முடிந்தபின், காலண்டர்களுக்கென்றே ஒரு பின்னிணைப்பு இருக்கிறது. பலர் அதைப் புரட்டுவதோடு சரி. கணக்கு வாத்தியார் எழுதினாற்போலத்தான் ஆரம்பிக்கும். பொறுமையாகப் படித்தால் பலன் உண்டு.

ஹாபிட்கள் என்ற குள்ள மனிதர்கள் வாழும் ஷயர் என்கிற தேசத்தில் மாதம் பன்னிரண்டு. ஒவ்வொன்றுக்கும் கரெக்டாக 30 நாள். மொத்தம் 360. மிச்சம் 5 நாளை எந்த மாதத்திலும் சேர்ப்பதில்லை. குளிர்காலப் பண்டிகைக்கு இரண்டு (வருஷத்தின் கடைசி நாளும் முதல் நாளும்), கோடைப் பண்டிகைக்கு மூன்று. இந்த மூன்றில் நடுநாயகமான வருஷ மத்திய நாளுக்குக் கிழமையே கிடையாது. லீப் வருஷத்தில் வரும் உபரி நாளுக்கும் அப்படியே.

சரி, இதில் என்ன இருக்கிறது என்பீர்கள். 365-ல் ஒன்றைக் கழித்தால் 364. ஏழால் சரியாக வகுபடும், 52 வாரம். எனவே ஒவ்வொரு வருஷமும் சனிக்கிழமை தொடங்கி வெள்ளிக்கிழமை முடியும். உங்கள் பிறந்தநாள் ஒருமுறை வியாழன் என்றால் ஆயுசுக்கும் வியாழன்தான். பழைய காலண்டரைத் தூக்கிப்போட வேண்டாம்.

நாவலில் இதைச் சரிபார்க்கலாம். பில்போவின் 111-வது பிறந்தநாள் விருந்து செப்டம்பர் 22, வியாழக்கிழமை. பதினேழு வருஷம் கழித்து, அதே தேதியில் ஃப்ரோடோவுக்கு ஐம்பது முடிகிறது. அதுவும் வியாழன். இரண்டு கிழமையும் கதைக்குள் போகிறபோக்கில் வருகின்றன. யாரும் நின்று விளக்குவதில்லை.

இன்னொன்று. இந்த மாதங்கள் எந்தக் கிழமையில் தொடங்கும் என்று பென்சிலை எடுத்துப் போட்டுப் பாருங்கள். ஞாயிறு, செவ்வாய், வியாழன், சனி, திங்கள், புதன். அடுத்த ஆறு மாதமும் இதே வரிசை. பாவம், வெள்ளிக்கு மட்டும் இடமில்லை. ஆகவே, நடக்கவே நடக்காத காரியத்தை ஹாபிட்கள் 'ஒண்ணாம் தேதி வெள்ளிக்கிழமை நடக்கும்' என்று கிண்டல் செய்வார்களாம். பன்றி பறப்பது, மரம் நடப்பது, இந்த மாதிரி.

மரம் நடப்பது என்ற இடத்தில் கொஞ்சம் நில்லுங்கள். கதையின் தொடக்கத்தில், தன் உறவுக்காரன் ஒருவன் மரம் நடந்துபோனதைப் பார்த்ததாக சாம் ஒரு மதுக்கடையில் சொல்லிக் கேலிக்கு ஆளாகிறான். இரண்டாம் பாகத்தில் மரங்கள் நிஜமாகவே புறப்பட்டுப் போய் ஒரு கோட்டையைத் தகர்க்கின்றன. ஷயரின் ஒண்ணாம் தேதி வெள்ளிக்கிழமை வந்தேவிடுகிறது!

என்னைக் கேட்டால் காலண்டரின் வெற்றி கணக்கில் இல்லை, இந்த ஜோக்கில்தான். ஒரு ஏற்பாட்டை ஜனங்கள் வைத்துக் கிண்டலடிக்க ஆரம்பித்தால்தான் அது புழக்கத்தில் இருக்கிறது என்று அர்த்தம். எல்ஃப் என்கிற தேவ ஜாதிக்கும் டோல்கியன் ஒரு காலண்டர் செய்திருக்கிறார். 144 வருஷம் சேர்ந்தது அவர்களுக்கு ஒரு பெரிய வருஷம். 54 நாள், 72 நாள் என்று ஆறு பருவங்கள், வாரத்துக்கு ஆறு நாள். அழகான கணக்கு. ஆனால் அதை வைத்து யாரும் ஜோக் சொல்வதில்லை. அதனால் உயிரும் இல்லை.

கணக்கில் மனிதர் கறாரானவர். 1944 மே மாதம் மகன் கிறிஸ்டோபருக்கு எழுதிய கடிதத்தில், கதையில் நிலா தாறுமாறாக உதித்து அஸ்தமிப்பதைக் கண்டுபிடித்து அத்தியாயங்களைத் திருத்தியதாகச் சொல்கிறார். அந்தப் பிடிவாதத்துக்குக் கிடைத்த பலன், லோத்லோரியன் காட்டைவிட்டு வந்தபின் வரும் ஒரு சின்னக் காட்சி. சாம் வானத்தில் பிறையைப் பார்த்துக் குழம்புகிறான். உள்ளே போகுமுன் பார்த்த தேய்பிறைக்கு அடுத்தது இதுதானே, நடுவில் தங்கிய நாட்கள் எங்கே போயின? உண்மையில் ஏறக்குறைய ஒரு மாதம் ஓடிவிட்டது, நிலா ஒரு சுற்றை முடித்துவிட்டது. நிலாக் கணக்கு சரியாக இல்லாவிட்டால் இந்த மயக்கம் வாசகனுக்கு வெறும் குளறுபடியாகத்தான் தெரிந்திருக்கும்.

இப்போது என் குறை. கிழமையில்லாத நாள் நிஜ உலகத்திலும் யோசிக்கப்பட்டதுதான். 'உலக நாள்காட்டி' என்ற திட்டத்தை அமெரிக்காவின் எலிசபெத் அக்கெலிஸ் 1930 முதல் பிரசாரம் செய்தார். 1953-ல் அதை ஐ.நா.வுக்குக் கொண்டுபோனது இந்தியா. விஞ்ஞானி மேகநாத் சாஹா 1954-ல் ஜெனீவாவில் அதற்காக வாதாடினார். 1955-ல் அமெரிக்கா மறுத்துவிட்டது. கிழமை இல்லாத ஒரு நாளை நுழைத்தால் ஏழுநாள் சங்கிலி அறுந்து, ஓய்வுநாள் வருஷா வருஷம் நகர்ந்துவிடும் என்பது மத நம்பிக்கையுள்ளவர்களின் ஆட்சேபம். மூவாயிரம் வருஷப் பழக்கத்தை சௌகரியத்துக்காக விட முடியாது என்றார்கள். விஷயம் ஊறுகாய் ஜாடிக்குள் போனது.

அதே 1955-ல் வந்த புத்தகத்தில் ஹாபிட்கள் அந்த மாற்றத்தைச் செய்துமுடித்துவிடுகிறார்கள். பக்கத்து ஊரான ப்ரீ கூடப் பிற்பாடு ஏற்றுக்கொள்கிறது. ஆட்சேபித்த கிழவர், கோபித்துக்கொண்ட பூசாரி, பழைய கிழமையையே கொண்டாடிய ஒரு பிடிவாதக் குடும்பம், ஒருவரும் இல்லை. இருக்கவும் முடியாது, ஏனென்றால் ஷயரில் கோயிலே கிடையாது. டோல்கியன் தீவிர கத்தோலிக்கர். கதையிலிருந்து மதச் சடங்குகளைத் தெரிந்தே நீக்கியவர். நீக்கியதன் விலையை இங்கே காலண்டர் கொடுக்கிறது. நாட்காட்டி என்பது சூரியன் போட்ட கணக்கு மட்டுமில்லை. யாருடைய நாள் புனிதம் என்ற பழைய தகராறும் அதில் இருக்கிறது. மாதப் பெயரை வைத்து ஷயருக்கும் ப்ரீக்கும் ஒரு சில்லறைக் கேலியை மட்டும் அனுமதிக்கிறார். அது போதவில்லை.

மந்திர மோதிரத்தை நம்பிவிடலாம். நடக்கும் மரத்தையும் நம்பலாம். ஒரு ஜனக்கூட்டம் சண்டை போடாமல் கிழமையை மாற்றிக்கொண்டது என்றால்... அது ஒண்ணாம் தேதி வெள்ளிக்கிழமை நடந்திருக்க வேண்டும்.