மேற்குத் தொடர்ச்சி மலை: குணச்சித்திர நடிப்பு

மேற்குத் தொடர்ச்சி மலை 2018-ல் வெளிவந்த தமிழ்த் திரைப்படம். லெனின் பாரதி இயக்கினார். இசை இளையராஜா, ஒளிப்பதிவு தேனி ஈஸ்வர். நடிகர் விஜய் சேதுபதி தயாரித்தார். தேனி மாவட்ட மலையடிவாரத்திலிருந்து ஏலத்தோட்டங்களுக்கு நடந்தே ஏறி, மூட்டை சுமந்து இறங்கும் கூலித்தொழிலாளர்களின் கதை இது. போடிநாயக்கனூர் ஏலக்காய் வணிகத்துக்குப் பெயர்பெற்ற ஊர். அந்த வணிகத்துக்கு அடியில் உள்ள உழைப்பை இப்படம் காட்டுகிறது.

தமிழ்த் திரையின் குணச்சித்திர நடிப்பு பெரிதும் நாடக மேடையிலிருந்து வந்தது. டி.கே.எஸ். சகோதரர்கள் நாடகக் குழுவில் பயின்ற எஸ்.வி. சுப்பையா, கப்பலோட்டிய தமிழன் (1961) படத்தில் பாரதியாரை முதன்மையாகக் குரலால் நிறுவினார். கடைசி வரிசைக்கும் கேட்கவேண்டும் என்னும் மேடைப் பயிற்சியின் விளைவு அது.

மேற்குத் தொடர்ச்சி மலையில் பாத்திரங்களை நிறுவுவது நடை. ரங்கசாமியாக நடித்த ஆண்டனி சரிவில் காலை ஊன்றும் விதத்திலேயே அவருடைய தொழில் தெரிந்துவிடுகிறது. முதுமையிலும் சுமையை விடாத வனகாளியின் பிடிவாதம், அவர் பேசும் பேச்சைவிட உடலின் தளர்ச்சியில் வெளிப்படுகிறது. உள்ளூர் மக்கள் பலர் நடித்திருப்பதால் துணைப்பாத்திரங்களும் மலைப்பாதையின் பகுதியாகவே தோன்றுகிறார்கள்.

இந்த அடக்கத்துக்கு எல்லையும் உண்டு. பிற்பகுதியில் நிலம் கைநழுவும் நிகழ்ச்சிகள் விரைந்து கடக்கின்றன. ரங்கசாமியின் மனமாற்றத்தைக் காட்ட ஆண்டனிக்குப் போதிய இடம் கிடைக்கவில்லை. ஆனால் இறுதிக் காட்சி அக்குறையை ஈடுசெய்கிறது. தன்னுடையதாக இருந்த நிலத்தில் ரங்கசாமி காற்றாலையின் காவலாளியாக நிற்கிறார். வாழ்நாளெல்லாம் மலையேறி இறங்கிய மனிதருக்கு அங்கே நடக்க வேலையில்லை. அவர் இழந்தது என்ன என்பதை அந்த அசைவின்மை சொல்லிவிடுகிறது.