ஆனாயர் குழலும் சொல்லில்லா வழிபாடும்

பெரியபுராண வரலாறுகளை மாணவர்க்குச் சொல்லிவரும் தமிழாசிரியர், ஆனாய நாயனாரிடம் வந்ததும் சற்றுத் தயங்குவது இயல்பு. கண்ணப்பருக்குப் பெயர்த்து அப்பிய கண் உண்டு. சிறுத்தொண்டருக்கு மகன் உண்டு. அரிவாட்டாயருக்குக் கழுத்தில் பூட்டிய அரிவாள் உண்டு. ஆனாயருக்கோ சோதனையும் இல்லை, பகைவரும் இல்லை, இழப்பும் இல்லை. கார்காலத்து நாளொன்றில் பசுக்களை மேய்க்கச் சென்ற ஆயர் ஒருவர், பூத்து நின்ற கொன்றையின் முன் குழல் ஊதினார், இறைவன் எழுந்தருளினான். இவ்வளவே செய்தி. இதில் வரலாறு எங்கே, வருணனைதானே மிகுந்திருக்கிறது என்று கேட்போர் உளர். அக்கேள்வியைத் தள்ளிவிடுதல் கூடாது.

முன்னூல்களைப் பார்த்தால் கேள்வி இன்னும் வலுப்பெறும். சுந்தரர் தம் திருத்தொண்டத்தொகையில் ஊரையும் பேரையும் சொல்லி அமைகின்றார். நம்பியாண்டார் நம்பி பாடிய அந்தாதிச் செய்யுள் ஒன்று மேல்மழநாட்டையும் குழலையும் சேர்த்துத் தருகின்றது. இவற்றின்மேல் 12ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் 42 செய்யுட்களை எழுப்பினார். ஊர் மெய்யானது; இலால்குடிக்கு அண்மையில் திருமங்கலம் என்று இன்றும் உள்ளது. ஆனால் அந்த ஒரு பொழுதின் இசையும், அதனைக் கேட்ட உலகமும் கவிஞர் கண்ட காட்சியே.

நாட்டுச் சிறப்புக் கூறும் தொடக்கச் செய்யுட்கள் காப்பிய மரபுக்காக வந்தவை. அவற்றில் நெடுநேரம் நிற்க வேண்டுவதில்லை. கார்காலமும் முல்லைக்காடும் ஜொகூர் மாணவனுக்கு எப்படியும் கற்பனை நாடுதான். ஆண்டு முழுதும் பசுமை மாறாத மண்ணில் வளர்பவனுக்குக் கோடையில் வாடிக் காரில் தளிர்க்கும் காட்டை எத்தனை சொல்லியும் காட்டிவிட இயலாது. மூங்கில் அப்படியன்று. செகாமட்டை அடுத்த பூலோ கசாப் என்னும் ஊரின் பெயரிலேயே மூங்கில் இருக்கிறது. மலாய் மொழியில் 'பூலோ' என்றால் மூங்கில். ஆகவே பாடத்தை மூங்கிலிலிருந்து தொடங்குதல் நன்று. சேக்கிழாரின் தனிச்சிறப்பும் அங்கேதான் தொடங்குகின்றது.

நூன்முறைப்படி வளர்ந்த மூங்கிலை அரிந்து, சுரத்தானங்களுக்கு உரிய துளைகளை நிரையாக இட்டு, காற்றுப் புகும் துளையைத் தனியே வைத்து, இடைவெளிகளை விரலளவால் கணக்கிடுகின்றார். அதன்பின் முல்லைப்பண், தாரம், உழை, கொடிப்பாலை என்று இசைநூற் சொற்கள் அடுக்கி வருகின்றன. வகுப்பிற் பலர் தாவிச் செல்லும் செய்யுட்கள் இவை. கடினம் என்பது உண்மையே. ஆயினும் ஆபிரகாம் பண்டிதரின் கருணாமிர்த சாகரமும் (1917), விபுலாநந்த அடிகளின் யாழ் நூலும் (1947) வெளிவந்த பின்னர், பழந்தமிழ் இசைச் சொற்கள் பூட்டிய பெட்டிகளாகவே கிடக்கின்றன என்று சொல்வதற்கில்லை. சிலப்பதிகாரத்து ஆய்ச்சியர் குரவையில் ஏழு மகளிரை ஏழு சுரங்களாக நிறுத்தும் பகுதியை உடன்வைத்துப் படித்தால், ஆயர் குலத்துக்கும் முல்லைப்பண்ணுக்கும் உள்ள தொடர்பு எளிதில் விளங்கும். அங்குவரும் முல்லைத் தீம்பாணியை மோகனம் என்பர் ஆராய்ந்தோர் பலர். அதனைப் பாடிக் காட்டினால் பாதிப் பாடம் முடிந்தது.

இனி, உயிரான இடம். ஆனாயர் வாசித்தது திருவைந்தெழுத்து. யாழ் மீட்டுவோன் மீட்டிக்கொண்டே பாடலாம். அவன் வாய் ஓய்ந்திருக்கிறது. குழல் ஊதுவோனுக்கோ வாயும் மூச்சும் குழலுக்கே போய்விடுகின்றன. எழுத்து ஒன்றேனும் வெளியே வராது. பிறகு ஐந்தெழுத்து எங்கே இருந்தது? அவ்வொலிக்கு அஞ்செழுத்தே 'உள்ளுறை' என்கின்றார் சேக்கிழார். அகப்பாட்டில் சொல்லாமற் சொல்லும் உவமத்துக்கு இலக்கண நூலார் இட்ட பெயர் இது. அதனை ஈண்டு ஆண்ட நுட்பம் வியக்கத்தக்கது. மந்திரம் நெஞ்சில் நிற்கிறது. செவிக்கு வருவது இசை ஒன்றே.

இதனைப் பிடித்துக்கொண்டால், விலங்குகள் கேட்டன என்பது வெறும் அணியாகத் தோன்றாது. சொல்லற்ற வழிபாட்டைக் கேட்பதற்குச் சொல்லறியா உயிர்களைவிடத் தக்கவர் யார்? ஆனிரை அசை மறக்கின்றது. பால் உண்ட கன்று நுரைவாயோடு நிற்கின்றது. பெரியாழ்வார் திருமொழியிலும் கண்ணன் குழல்கேட்ட பசுக்கள் செவி அசையாது நிற்கும். அதன் எதிரொலி இங்கே உண்டு என்று கொள்ளத் தடையில்லை. ஆனால் அங்கே ஊதுபவன் இறைவன். கேட்போர் அவனை நாடி வருகின்றனர். இங்கே ஊதுபவர் அடியார். அவர் எவரையும் அழைக்கவில்லை, ஒரு மரத்தின் முன் நிற்கின்றார். அடுத்து, பாம்பு மருண்டு மயில்மேல் விழுகின்றது. சிங்கத்தோடு யானை சார்கின்றது. புலியின் வாயருகே மான் அணைகின்றது. நலிவோரும் மெலிவோரும் உணர்வால் ஒன்றாயினர் என்று காரணமும் காட்டுகின்றார் கவிஞர். பகை நீங்கியது அறிவுரையால் அன்று என்பது நோக்கத்தக்கது. வித்தியாதரர் முதலான விண்ணோர் வந்து கேட்கும் செய்யுட்கள் இதற்கு முன் ஒளி குறைந்தவையே; அவை இல்லாவிடினும் புராணத்துக்குக் குறைவில்லை.

சோதனை இல்லையே என்ற கேள்விக்கும் இவ்விடத்திலிருந்தே விடை காணலாம். மற்ற அடியார் தம் உடைமையையோ உறுப்பையோ உறவையோ கொடுக்கின்றனர். ஆனாயர் கொடுப்பது மூச்சு. அது கண நேரமும் நில்லாமற் கொடுக்கப்படுவதால் கதை நடுவே திருப்பம் என ஒன்று வர இடமில்லை. வந்திருந்தால் இசை அறுந்திருக்கும்.

முடிவும் இதற்கு ஏற்றவாறே அமைகின்றது. எழுந்தருளிய இறைவன் குழலை நிறுத்தச் சொல்லவில்லை. நின்ற அந்நிலையிலேயே தன்பால் வருமாறு அருளுகின்றான். முனிவர் கூட்டம் இருக்கு வேத மொழிகளால் ஏத்துகின்றது. ஆனாயர் அப்போதும் வாய்திறந்து ஒன்றும் சொல்லவில்லை. குழலை வாசித்துக்கொண்டே அருகில் செல்கின்றார்.