வசவுக்குள் இருந்த ஆத்தா

"ஆத்தா வையும்" என்று சப்பாணி காசுக்குக் கெஞ்சுவதை மிமிக்ரி மேடைகள் இன்றும் விடவில்லை. சப்பாணியாக நடித்த கமலின் குரலைப் பிடிக்க எல்லோரும் முயல்கிறார்கள். வையப்போகும் அந்த ஆத்தாவை யாரும் நினைப்பதில்லை. ‘16 வயதினிலே’ (1977) குருவம்மாவாக வந்த காந்திமதிதான் அவர். திரையில் இல்லாத நேரத்திலும் ஒருவனைப் பயந்துகொண்டே இருக்க வைக்கிறார் என்றால், அந்தப் பாத்திரத்தின் கனம் எவ்வளவு!

மானாமதுரைக்காரர் காந்திமதி. அவருடைய பேச்சு தெற்கத்திப் பேச்சு. எங்கள் பெரம்பலூர், அரியலூர்ப் பக்கத்துக் காதுக்கு அந்த இழுவை கொஞ்சம் வேற்றூர்தான். ஆனாலும் இங்கே அவரை வெளியூர்க்காரி என்று யாரும் பார்த்ததில்லை. சின்ன வெங்காயம் எடுக்கிற காலத்தில் வெங்காயம் சேமிக்கும் பட்டறை ஓரம் போய் நின்று பார்த்தால் காரணம் விளங்கும். தாள் அரியும் பெண்கள் கையை நிறுத்தாமலேதான் சண்டை போடுவார்கள். வாய் ஒருத்தியைத் திட்டும், கண் பிள்ளை போகிற திசையில் இருக்கும், விரல் தன்பாட்டுக்கு வெங்காயத்தைத் தேடும். காந்திமதியின் நடிப்பும் அந்த வகை. வசனம் பேசுவதற்காக அவர் வந்து நின்றதாகத் தோன்றாது. வேலையாக இருந்தவர் இடையில் பேசியதுபோல் இருக்கும்.

அவருடைய வசவில் எனக்கு மிகவும் பிடித்தது அதற்கு அடியில் கிடக்கும் பயம். குருவம்மாவுக்குப் பத்தாவது தேறிய மகள் மயில், ஆண் துணையில்லாத வீடு, சுற்றிலும் ஊர்வாய். அந்தப் பயத்தை அழுது காட்டாமல், குரலை உயர்த்தி மூடி வைக்கிறார். சப்பாணியையும் ஏசுகிறார், ஆனால் ஏசிக்கொண்டே சோறு போடுகிற வீடு அது. மகளைப் பற்றி ஊர் கண்டபடி பேச, மனமொடிந்து குருவம்மா சாகிறாள். அதுவரை வீட்டை நிறைத்திருந்த சத்தம் அடங்கிப்போகிறது. மயிலும் சப்பாணியும் ஒருவருக்கொருவர் துணையாவது அதற்குப் பிறகுதான். வைய ஆள் இல்லாத இடத்தில்தான் சப்பாணி பொறுப்புள்ள ஆணாக நிமிர்கிறான். படத்தின் திருப்பமே அவளுடைய மரணம் என்பேன்.

‘16 வயதினிலே’ வந்தபோது காந்திமதிக்கு வயது முப்பத்திரண்டை ஒட்டித்தான். 6 வருடம் கழித்து, பாரதிராஜாவின் ‘மண்வாசனை’யில் (1983) ஒச்சாயிக் கிழவியானார். நாற்பதைக்கூடத் தொடாத பெண் பேரனை வளர்க்கும் பாட்டி! நரைச் சாயம் முடியைத்தான் மாற்றும். பழமொழியைப் பேச்சோடு பேச்சாக எறிந்துவிட்டு, எதிராளியின் பதிலுக்குக் காத்திராமல் நகர்ந்துவிடும் அந்தக் கிழட்டு அதிகாரத்தை எந்த ஒப்பனைக்காரரும் தர முடியாது. பாண்டியன், ரேவதி இருவருக்கும் அது முதல் படம். புதுமுகங்கள் தடுமாறினால் தாங்கிக்கொள்ள ஒரு பழுத்த ஆள் வேண்டும். காந்திமதி தாங்கினார்.

பிறகு ‘கரகாட்டக்காரன்’, ‘முத்து’ என்று 2011-இல் மறையும்வரை பேர் சொல்லும் படங்கள் பல. ஆனால் குருவம்மா அளவுக்கு ஆழமான பாத்திரம் அடிக்கடி வாய்க்கவில்லை என்பதே என் எண்ணம்.

காந்திமதியைப் போலவே பிரெஞ்சு நடிகை சில்வியும் காலமெல்லாம் துணைப் பாத்திரங்களில் நடித்தவர். 1965-இல், எண்பதைத் தாண்டிய வயதில், ரெனே அலியோ இயக்கிய படத்தில் அவருக்கு நாயகி வேடம் கிடைத்தது. கணவன் இறந்தபின் தன் இஷ்டத்துக்கு வாழத் தொடங்கும் கிழவி. அந்தப் படத்தைப் பார்த்தபோதெல்லாம் எனக்குக் காந்திமதி ஞாபகம்தான். ஊர்வாய்க்குப் பயப்படாத ஒரு குருவம்மாவைத் தமிழில் யாராவது அவருக்காக எழுதியிருக்க வேண்டும்.