‘தி டிஷ்’: ஒரு மறுநோக்கு

நேரடி ஒளிபரப்பின் பின்னணியில் உழைப்போரைக் கதைமாந்தராகக் கொண்ட திரைப்படங்கள் சிலவே. ராப் சிட்ச் இயக்கி 2000இல் வெளிவந்த ‘தி டிஷ்’ என்னும் ஆஸ்திரேலியப் படம் அவற்றுள் ஒன்று. 1969 ஜூலையில் அப்பல்லோ 11 வீரர்கள் நிலவில் நடந்த காட்சியை உலகுக்கு வழங்கிய பார்க்ஸ் வானொலித் தொலைநோக்கி நிலையத்தாரின் பணியை அது நகைச்சுவையோடு சித்திரிக்கிறது. மணிக்கு 110 கிலோமீட்டர் வேகத்தில் வீசிய காற்றுக்கிடையே அவர்கள் கடமையாற்றியமை வரலாற்று உண்மையாகும்.

ஆயினும், இங்கு ஒரு குறையை நாம் சுட்ட வேண்டியுள்ளது. ஆம்ஸ்ட்ராங் முதலடி வைத்த காட்சி கான்பெராவுக்கு அருகிலிருந்த ஹனிசக்கிள் கிரீக் நிலையத்தின் வழியாகவே உலகை அடைந்தது. ஏறத்தாழ ஒன்பது நிமிடங்களுக்குப் பின்னரே ஒளிபரப்பு பார்க்ஸ் அனுப்பிய காட்சிக்கு மாறியது. எஞ்சிய இரண்டு மணி நேரத்திற்கும் மேலான ஒளிபரப்பு அதன் வழியே தொடர்ந்தது. படமோ முதலடிக் காட்சியையும் பார்க்ஸுக்கே உரியதாக்குகிறது.

கலைப்படைப்பு வரலாற்றைச் சுருக்கலாம் என்பதை நாம் மறுக்கவில்லை. எனினும், அறியப்படாத உழைப்பைப் போற்ற எழுந்த படைப்பே மற்றோர் உழைப்பை மறைப்பது முரணன்றோ? பலர் கூடி ஆற்றிய பணியைச் சிலர்மேல் ஏற்றிக் கூறும் கதைமரபின் எல்லையையே இது நமக்கு உணர்த்துகிறது.