நகையும் வறுமையும்: ஒரு துருக்கித் திரைக்கதை

வறுமை அழுகைக்கு நிலைக்களன் என்றும், எள்ளலும் பேதைமையும் நகைக்கு நிலைக்களன் என்றும் தொல்காப்பியனார் வகுத்துரைத்தார். இவ்விரு மெய்ப்பாடுகளும் ஒரே நிகழ்ச்சியில் ஒருங்கு தோன்றும் படைப்புகளும் உள. 1985-இல் வெளிவந்த 'ஸுகுர்ட் ஆகா' என்னும் துருக்கித் திரைப்படம் அத்தகையது. கதையை யாவுஸ் துர்குல் எழுதினார். நெஸ்லி சோல்கெச்சென் இயக்கினார். ஷெனெர் ஷென் தலைமைப் பாத்திரமேற்று நடித்தார். 'ஆகா' என்பது ஊரையும் உழுகுடிகளையும் தன் ஆட்சியிற் கொண்ட நிலக்கிழாரைக் குறிக்கும். 'கைப்பொருளற்ற நிலக்கிழார்' என்பது படப்பெயரின் பொருள். பெயரிலேயே முரண் அமைந்திருத்தல் காண்க.

குடிகள் ஆகாவின் களஞ்சியக் கோதுமையைக் களவாடிக்கொண்டு இஸ்தான்புல் நகருக்குப் பெயர்ந்துவிடுகின்றனர். ஆளற்ற ஊரை விற்று அவரும் நகர் புகுகின்றார். அங்கு அவர் தொட்ட தொழில் எதுவும் துலங்கவில்லை. தக்காளி வண்டியுடன் தெருவில் நிற்கும் அவர், கூவி விற்க நாணி, வாய்க்குள்ளேயே முணுமுணுக்கின்றார்.

இக்காட்சியே படத்தின் உயிர்நிலை என்பது எம் கருத்து. ஓர் ஊரையே ஏவல்கொண்ட குரல் ஒரு தக்காளியை விற்கமாட்டாது ஒடுங்குகின்றது. யாம் நகைக்கின்றோம், நகைத்த வாய் மூடுமுன்னரே நெஞ்சு கனக்கின்றது. மரபு அவருக்குப் பதவியைத் தந்தது, கைத்தொழிலைத் தரவில்லை. ஏவுதற்குக் கற்பித்தது, இரந்து கூவுதற்குக் கற்பிக்கவில்லை. ஆகவே, இங்கு எள்ளப்படுவது அம்மனிதரன்று, அவரை அவ்வாறு வளர்த்த முறைமையே என்க.

ஆயினும் ஒரு வினா எழுகின்றது. ஒருநாள் வீழ்ந்த தலைவனுக்கு இரங்கும் நாம், தலைமுறை தலைமுறையாக வறுமையுற்ற குடிகளுக்கு இரங்கினோமா? படம் தன் பரிவின் பெரும்பங்கை ஆகாவுக்கே வழங்குகின்றது என்பதை மறுத்தற்கில்லை. அஃது ஒரு குறையே. ஆனால் கோதுமைக் களவை அது கொடுஞ்செயலாகக் காட்டாது நகையாகக் காட்டுகின்றது. அந்நகையுள், உழுதவன் தன் பங்கைத் தானே எடுத்துக்கொண்டான் என்னும் தீர்ப்பு மறைந்துள்ளது.

முடிவில் ஆகா, பச்சை இறைச்சியும் கோதுமை நொய்யும் பிசைந்த உருண்டைகளைத் தெருவில் விற்கின்றார். இது வீழ்ச்சியா, விடுதலையா? தன் கைகளால் முதன்முதல் உழைத்துண்ணும் ஒருவரை வறியவர் என்று மட்டும் கூறியமைதல் பொருந்தாது. பட்டம் போயிற்று; மனிதர் எஞ்சினார். நகைச்சுவை இத்துணைப் பொறுப்பையும் தாங்கவல்லது என்பதற்கு இப்படம் தக்க சான்றாகும்.