சேப்பாக்கத்தை நெற்குப்பைக்குக் கொண்டுவந்த குரல்

தமிழில் கிரிக்கெட் வர்ணனைக்கு வழி போட்டவர்களில் முன்வரிசையில் நின்றவர்கள் நாடகத்திலிருந்து வந்தவர்கள். சாத்தான்குளம் அப்துல் ஜப்பார் வானொலி நாடக நடிகர். கூத்தபிரான் சென்னை வானொலியின் நாடகக்காரர், குழந்தைகளுக்கு ‘வானொலி அண்ணா’. பந்தைப் பற்றிப் பேச நாடகக்காரர் எதற்கு என்று அந்தக் காலத்திலேயே முகம் சுளித்தவர்கள் உண்டு. என் கணிப்பு இதற்கு நேர்மாறானது. அவர்கள் நாடகக்காரர்களாக இருந்ததால்தான் சேப்பாக்கம் மைதானம் சிவகங்கைச் சீமையில் இருக்கும் எங்கள் நெற்குப்பை வரை வந்து சேர்ந்தது. ஸ்டேடியத்தின் வாசலைக்கூடப் பார்க்காத ஆட்கள் இங்கே திண்ணையில் உட்கார்ந்து ஸ்லிப்பில் எத்தனை பேர் நிற்கிறார்கள் என்று சொன்னார்கள். அது குரலின் வேலை. ஒரு ஆட்டக்காரரின் மட்டைவீச்சை அலசுவதுபோல அந்தக் குரலையும் அலசிப் பார்க்க வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை.

ஜப்பாரை எடுத்துக்கொள்கிறேன். அவர் தேர்ந்தது இலங்கை வானொலியில். அங்கே தமிழ் நாடகத்துக்கு அப்போது தலைமை ‘சானா’ என்ற சண்முகநாதன். ‘இலண்டன் கந்தையா’ தொடரால் யாழ்ப்பாணத்துப் பேச்சை வீடு வீடாகக் கொண்டுபோனவர். அவரிடம் பழகியவர்களுக்கு மைக் என்பது கூட்டத்தைப் பார்த்துப் பேசும் கருவி இல்லை. ஒரே ஒரு ஆளின் காதருகே போய்ப் பேசும் வழி. மைக்குக்கு ஒரு சாண் தூரத்தில் நின்றால் ரகசியம். நாலடி தள்ளி முகத்தைத் திருப்பிக்கொண்டால் வாசலிலிருந்து கூப்பிடும் குரல். வசனத் தாளைப் புரட்டும் சரசரப்பு வெளியே போகக் கூடாது. மூச்சு வாங்குவதுகூடப் பாத்திரத்தின் மூச்சாக இருக்க வேண்டும். இந்தப் பயிற்சியெல்லாம் கண்ணில்லாத ஒரு மேடைக்கானவை. கேட்பவருக்குத் திரை கிடையாது, ஒளி கிடையாது, முகபாவம் கிடையாது. இருப்பது குரல், சத்தம், இடைவெளி. கிரிக்கெட் வர்ணனையாளருக்கும் இந்த மூன்றுதான் முதல்.

தமிழகம் திரும்பிய பிறகும் ஜப்பார் வானொலி நாடகத்தை விடவில்லை. 1980-இல் சேப்பாக்கத்தில் தமிழ்நாடும் கேரளமும் ஆடிய ரஞ்சிப் போட்டிக்குத் தமிழில் வர்ணனை செய்யும் வாய்ப்பு வந்தது. அங்கிருந்து தொடங்கியதுதான் அவருடைய இரண்டாவது ஆட்டம். பிறகு சர்வதேசப் போட்டிகள், இலண்டனின் ஐ.பி.சி. தமிழ் வானொலி, கடைசியில் தொலைக்காட்சி என்று அது நீண்டது. இடையில் எழுத்தும் உண்டு. ‘காற்று வெளியினிலே’ என்ற நூலை எழுதினார். 2020 டிசம்பர் 22 அன்று, 81 வயதில் காலமானார்.

இனி அவருடைய ஆட்டத்துக்கு வருகிறேன்.

முதலில் வாக்கியம். தமிழில் வினைமுற்று கடைசியில் வரும். உரையாடலில் இது பெரிய விஷயமில்லை. வர்ணனையில் இதுதான் மூலதனம். பந்து வீச்சாளர் ஓடத் தொடங்கும்போது வாக்கியத்தைத் தொடங்கி, பந்து தரையில் குத்தும்போது நடுவுக்கு வந்து, முடிவு தெரிந்த கணத்தில் வினையை வைக்க முடியும். உதாரணத்துக்கு நானே ஒன்று கட்டிக் காட்டுகிறேன்: “உயரே எழும்பிய பந்து, லாங் ஆன் எல்லையை நோக்கி, அங்கே ஓடி வருகிற வீரரின் கைகளுக்குள்ளே...” அடுத்த சொல் ‘விழுந்தது’தானா, ‘விழவில்லை’யா? அந்தச் சொல் வரும்வரை திண்ணையில் ஒருவரும் அசைய மாட்டார்கள். வாக்கியத்தை இப்படிப் பந்தோடு சேர்த்து ஓட்டுவதற்கு மொழி மட்டும் தெரிந்தால் போதாது. வசனத்தை எந்த இடத்தில் நிறுத்தினால் கேட்பவர் முன்னுக்கு வருவார் என்று தெரிந்திருக்க வேண்டும். ஜப்பாருக்குத் தெரிந்திருந்தது. அவர் அவசரப்பட்டு வினையைக் கொட்டிவிடுகிறவர் இல்லை.

அடுத்து நிதானம். நல்ல வானொலி நடிகர் மௌனத்துக்குப் பயப்பட மாட்டார். மைதானத்தின் கூச்சலைக் கொஞ்சம் கேட்கவிட்டு, அதன் மேல் பேசத் தொடங்குவார். விக்கெட் விழுந்தவுடன் கத்தினால் வானொலியில் இரைச்சல்தான் கேட்கும். கூட்டம் கத்தி முடிக்கட்டும் என்று விட்டு, பிறகு யார் பிடித்தார், பந்து எங்கே குத்தியது, நடையைக் கட்டுகிறவர் எத்தனை ஓட்டங்கள் எடுத்திருக்கிறார் என்று வரிசைப்படுத்திச் சொன்னால்தான் படம் எழும்.

சேப்பாக்கத்தின் மிகப் பெரிய ஓவரை இதற்கு உரைகல்லாக வைத்துப் பாருங்கள். 1986 செப்டம்பர் 22, இந்தியா – ஆஸ்திரேலியா டெஸ்டின் கடைசி நாள். வெற்றிக்கு 348. கடைசி ஓவரில் தேவை நான்கு ஓட்டங்கள், கையில் ஒரே விக்கெட். பந்து வீசுகிறவர் கிரெக் மேத்யூஸ். சென்னை வெயிலில் ஸ்வெட்டர் போட்டுக்கொண்டு வீசிய மனிதர். முதல் பந்தில் ஓட்டம் இல்லை. இரண்டாவதில் ரவி சாஸ்திரி இரண்டு ஓட்டங்கள். மூன்றாவதில் ஒன்று. ஓட்டங்கள் சமம். இப்போது மட்டை மணிந்தர் சிங் கையில். நான்காவது பந்தைத் தடுத்தார். ஐந்தாவது கால்காப்பில் பட்டது, நடுவர் விக்ரம்ராஜுவின் விரல் உயர்ந்தது. 347-க்கு இந்தியா ஆட்டமிழந்தது. டெஸ்ட் வரலாற்றில் இரண்டாவது முறையாக ஒரு போட்டி சமன்.

இந்த ஐந்து பந்துகளை வானொலியில் சொல்வது எத்தனை கடினம் என்று யோசித்துப் பாருங்கள். தொலைக்காட்சியில் ஒன்றுமே பேசாமல் இருந்தாலும் போதும், படம் பார்த்துக்கொள்ளும். வானொலியில் மூன்றாவது பந்துக்கும் நான்காவது பந்துக்கும் நடுவே சொல்ல வேண்டியவை குவிந்து கிடக்கின்றன. ஓட்டங்கள் சமமாகிவிட்டன, அனுபவமுள்ள சாஸ்திரி மறுமுனைக்குப் போய்விட்டார், கடைசி மட்டையாளர் எதிர்கொள்ளப் போகிறார், களவீரர்கள் நெருங்கி வந்து சூழ்கிறார்கள். இதில் ஒன்றை விட்டாலும் ஐந்தாவது பந்தின் கனம் கேட்பவருக்குப் புரியாது. நாடகம் எழுதுகிறவர் திருப்பத்துக்கு முன்னால் எல்லாப் பாத்திரங்களையும் இடத்தில் நிறுத்தி வைப்பதற்கும் இதற்கும் வேறுபாடே இல்லை. நாடகத்திலிருந்து வந்தவர்கள் இந்த வேலையைச் சரியாகச் செய்ததில் எனக்கு ஆச்சரியம் இல்லை.

குறையையும் சொல்லத்தான் வேண்டும். நாடகக் குரலுக்கு அலங்காரம் ஒரு மயக்கம். டெஸ்டின் மந்தமான மதிய நேரத்தில் உவமை நீண்டுகொண்டே போகும். அதற்குள் ஒரு பந்து முடிந்திருக்கும். ஜப்பாரும் இதற்கு முழுக்க விலக்கில்லை என்பது என் அபிப்பிராயம். செந்தமிழில் அவருக்கு இருந்த பிடிப்பு சில சமயம் பந்தை விடச் சற்று முன்னால் ஓடியது. அப்போதுதான் ரேடியோவைப் போட்டவருக்கு வேண்டியது ஸ்கோர். அதை எத்தனை முறை சொன்னாலும் தகும். ஆனாலும் ஒன்று, அலங்காரத்தில் சறுக்கியதைவிட அலங்காரத்தால் ஈர்த்தது அதிகம். கிரிக்கெட் விதிகளே தெரியாத பெண்களும் பெரியவர்களும் அந்தத் தமிழுக்காகக் கேட்டார்கள்.

எங்கள் பக்கத்துக் காதுகள் இதற்குப் பழகியவை என்பதும் ஒரு காரணம். சிராவயலிலோ அரளிப்பாறையிலோ மஞ்சுவிரட்டு நடக்கும்போது ஒலிபெருக்கியில் பேசுகிறவரைக் கவனித்திருக்கிறீர்களா? மாடு எந்த ஊர், யாருடையது, பிடித்தால் அண்டாவா சைக்கிளா, எல்லாம் மாடு வெளியே வருவதற்குள் சொல்லி முடித்துவிடுவார். மாடு வந்த பிறகு அவர் குரலின் வேகம் மாட்டின் வேகம். பொட்டலின் கடைசியில், எதுவுமே கண்ணுக்குத் தெரியாத இடத்தில் நிற்கிறவருக்கும் மாடு பிடிபட்டதா தப்பியதா என்பது அந்தக் குரலில் தெரிந்துவிடும். வடமாட்டிலும் இதே கதைதான். கயிற்றில் சுற்றி வரும் மாட்டையும் அதைச் சுற்றி வரும் குழுவையும் நேரத்தையும் ஒரே மூச்சில் சொல்கிற ஆட்கள் சிவகங்கைச் சீமையில் இருக்கிறார்கள். அவர்களை யாரும் கலைஞர்கள் பட்டியலில் சேர்ப்பதில்லை. சேர்க்க வேண்டும்.

இன்று தமிழில் விளையாட்டுக்குத் தனித் தொலைக்காட்சி அலைவரிசையே இருக்கிறது. முன்னாள் ஆட்டக்காரர்கள் உட்கார்ந்து பேசுகிறார்கள். நுட்பம் அவர்களுக்கு நன்றாகத் தெரியும். பந்து ஏன் திரும்பியது என்று ஜப்பாரைவிடத் தெளிவாகச் சொல்வார்கள். ஆனால் அது படத்தின் ஓரத்தில் நடக்கும் பேச்சு. படத்தை உண்டாக்கும் பேச்சு வேறு கலை. ஒன்றை வைத்து இன்னொன்றைத் தாழ்த்த நான் விரும்பவில்லை. முதலாவதற்கு ஆட்கள் பெருகிக்கொண்டிருக்கிறார்கள், இரண்டாவதைக் கற்றுக்கொடுக்க வானொலி நாடகம் என்ற பள்ளி மெலிந்துவிட்டது. இதைத்தான் கவலையோடு சொல்கிறேன்.

கவலைக்கு இன்னொரு காரணம், நான் எழுதுவது எழுத்தாளர் சோமலெயின் ஊரான நெற்குப்பையிலிருந்து. 1921-இல் இங்கே பிறந்த சோமலெ பம்பாயில் இதழியல் படித்தவர். உலகம் சுற்றிப் பயண நூல்கள் எழுதினார். அதைவிடப் பெரிய வேலையாக நான் நினைப்பது, பிறகு தமிழ்நாட்டை மாவட்டம் மாவட்டமாக எழுதியதையும் மக்களின் மரபையும் பண்பாட்டையும் தொகுத்ததையும்தான். அவர் 1986-இல் மறைந்தார். அவருடைய ஆட்டத்தை இன்றும் பக்கம் பக்கமாக அலச முடிகிறது, ஏனென்றால் அது அச்சில் இருக்கிறது. பக்கத்துக் கோட்டையூரில் ரோஜா முத்தையா நாடக நோட்டீஸையும் கல்யாணப் பத்திரிகையையும்கூட விடாமல் சேர்த்தார். 1992-இல் அவர் மறைந்த பிறகு அந்தச் சேகரம் சென்னையில் ஆராய்ச்சி நூலகமாக நிற்கிறது. காகிதத்தைக் காப்பாற்றத் தெரிந்த சீமை இது.

குரலையும் அப்படிக் காப்பாற்ற வேண்டும். நான் மேலே சொன்ன நிதானத்தையும் வினையை நிறுத்தி வைக்கும் இடத்தையும் இன்றைய இளைஞர் ஒருவர் கேட்டுப் பழக வேண்டுமானால், என் எழுத்து அவருக்குப் போதாது, ஒலிப்பதிவு வேண்டும். அந்தக் காலத்தில் டேப் ரெக்கார்டரை ரேடியோ பக்கத்தில் வைத்து வர்ணனையைப் பதிந்தவர்கள் இருந்தார்கள். பாட்டுக்கு நடுவே, கல்யாண ஒலிப்பதிவின் மறுபக்கத்தில், பத்து நிமிட கிரிக்கெட் ஒளிந்திருக்கும். வானொலி நாடகங்களும் அப்படித்தான்.

வாசகர்களிடம் கேட்டுக்கொள்வது இதுதான். வீட்டுப் பரண்களிலும் டிரங்குப் பெட்டிகளிலும் பழைய கேசட்டுகள் இருந்தால் தூக்கிப் போடாதீர்கள். ஈரமும் வெயிலும் படாத இடத்தில் நிமிர்த்தி வையுங்கள். மேலுறையில் தேதி எழுதியிருந்தால் அழிக்காதீர்கள். கணினி தெரிந்த பிள்ளைகளைக் கொண்டு ஒரு பிரதி எடுத்து, ஜப்பார், கூத்தபிரான், சானா என்று குரலை அடையாளம் காணத் தெரிந்த பெரியவர்கள் இருக்கும்போதே பெயரைக் குறித்து, ஊர் நூலகத்தில் கொடுங்கள்.